பிரதிவாதி காலமானால் வழக்கும் காலமாகுமா?

(தொலைக்காட்சிக் கருத்தரங்கில் நிகழ்ச்சித் தொகுப்பாளர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நம்மிடம் ஒரு நல்ல வழக்கம் உண்டு. ஒருவர் இறந்துவிட்டார் என்று கேள்விப்பட்டதும் அவர் மீதிருந்த கோபத்தைக் கீழே வைத்துவிடுவோம். "போய்ச் சேர்ந்துட்டாரு, இனிமே பேசி என்ன ஆகப்போகுது?" என்போம். பகையாளி வீட்டுத் துக்கத்துக்கும் போய் நிற்போம். 16ஆம் நாள் காரியம் முடியும்வரை அந்த வீட்டில் யாரும் பணம் காசு பற்றிப் பேசமாட்டோம்.

இது மனிதப் பண்பு. மாற்ற வேண்டியதில்லை. ஆனால் அந்த மனிதர் உங்களுக்கு 40,000 ரிங்கிட் தர வேண்டியிருந்தால்? வீட்டை விற்பதாகச் சொல்லி முன்பணம் வாங்கியவர், பெயர் மாற்றிக் கொடுப்பதற்கு முன்பே கண்ணை மூடிவிட்டால்? அவர் ஓட்டி வந்த கார் மோதி உங்கள் மகன் நடக்க முடியாமல் கிடந்தால்? அப்போதும் "போய்ச் சேர்ந்துட்டாரு" என்று சொல்லி, வழக்குக் கோப்பைக் கட்டி அலமாரியில் போட்டுவிடலாமா?

அதைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன். முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நான் வழக்கறிஞர் அல்ல. தகவல் தொடர்புத் துறையில் டிப்ளோமா படித்துவிட்டு, கேமராவுக்கு முன் நின்று கேள்வி கேட்பதைத் தொழிலாக வைத்திருப்பவர். ஆகவே சட்டப் புத்தகத்தின் மொழியில் பேசப்போவதில்லை. ஒரு சாதாரணக் குடும்பம் கேட்கக்கூடிய கேள்விகளை நானே கேட்டு, நம் நாட்டுச் சட்டம் அதற்கு என்ன சொல்கிறது என்பதைப் புரியும்படி சொல்லப் பார்க்கிறேன். உங்கள் சொந்த வழக்குக்கு உங்கள் வழக்கறிஞரைத்தான் பார்க்க வேண்டும்.

இரண்டு வழக்குகள், இரண்டு பாதைகள்

பெரும்பாலான குழப்பம் எங்கே தொடங்குகிறது தெரியுமா? குற்றவியல் வழக்கையும் சிவில் வழக்கையும் ஒன்றாக நினைப்பதில்தான்.

ஒரு விபத்தை எடுத்துக்கொள்வோம். இரவு நேரம். எதிர்த்திசையில் வந்த கார் கோட்டைத் தாண்டி வருகிறது. வேலை முடிந்து மோட்டார் சைக்கிளில் வீடு திரும்பும் இளைஞரை மோதிவிட்டு, மரத்தில் மோதி நிற்கிறது. கார் ஓட்டியவர் அங்கேயே இறந்துவிடுகிறார். இளைஞர் உயிர் பிழைக்கிறார், ஆனால் ஒரு காலை இழந்துவிடுகிறார்.

போலீஸ் விசாரிக்கிறது. தவறு கார் ஓட்டியவர் மீது என்று தெரிகிறது. ஆனால் அவர் உயிரோடு இல்லை. இறந்தவர் மீது குற்றம் சாட்ட முடியாது, தண்டிக்கவும் முடியாது. ஆகவே போலீஸ் தன் கோப்பை மூடுகிறது. அடிபட்ட இளைஞரின் குடும்பம் அதைக் கேள்விப்பட்டு, "கேஸ் முடிஞ்சு போச்சாம்" என்று தலையில் கை வைத்து உட்கார்ந்துவிடுகிறது.

முடிந்தது போலீஸ் வழக்கு மட்டும்தான். தண்டனை ஆளோடு சம்பந்தப்பட்டது. ஆள் போனால் அதுவும் போகும். இழப்பீடு அப்படியல்ல. போன காலுக்கும், ஆன மருத்துவச் செலவுக்கும், இழந்த சம்பளத்துக்கும் கணக்கு இன்னும் பாக்கி இருக்கிறது. அதைக் கேட்பது சிவில் வழக்கு. அந்த வழக்குக்கு இனிமேல்தான் வேலை.

குற்றவியல் பாதையிலும்கூடப் பணம் சம்பந்தப்பட்டால் நிலைமை மாறும். மறைந்த கர்ப்பால் சிங்கின் வழக்கு நம் எல்லாருக்கும் தெரிந்த உதாரணம். தேச நிந்தனைக் குற்றச்சாட்டில் 2014ஆம் ஆண்டு அவருக்கு 4,000 ரிங்கிட் அபராதம் விதிக்கப்பட்டது. அதே ஆண்டு ஏப்ரல் 17ஆம் தேதி அவர் சாலை விபத்தில் காலமானார். மேல்முறையீட்டை அவருடைய குடும்பத்தினர் தொடர்ந்து நடத்தினார்கள். அபராதம் என்பது அவர் விட்டுச்சென்ற சொத்திலிருந்து போகக்கூடிய பணம் அல்லவா? 2016இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அபராதத்தை 1,800 ரிங்கிட்டாகக் குறைத்தது. 2019 மார்ச் மாதத்தில் கூட்டரசு நீதிமன்றம் தண்டனையையே ரத்து செய்தது. அவர் மறைந்து ஏறக்குறைய ஐந்து ஆண்டுகள் கழித்து அவர் பெயர் சுத்தமானது.

ஒரு பழைய விதியும் மோட்டார் காரும்

"செத்தவன் மேல என்ன வழக்கு?" என்று நம் பெரியவர்கள் கேட்பதில் தப்பில்லை. ஒரு காலத்தில் சட்டமும் அதையேதான் சொன்னது. ஆங்கிலேயர்களின் பழைய பொதுச் சட்டத்தில் ஒரு லத்தீன் விதி இருந்தது. ஆள் சம்பந்தப்பட்ட வழக்கு ஆளோடு செத்துவிடும் என்பது அதன் பொருள். கடன், ஒப்பந்தம் போன்றவை மட்டும் இந்த விதியிலிருந்து காலப்போக்கில் தப்பின. அடிதடி, கவனக்குறைவு போன்ற தீங்குகளுக்கான வழக்குகள் தப்பவில்லை.

இருபதாம் நூற்றாண்டில் மோட்டார் கார் வந்தது. சாலையில் உயிர்கள் போகத் தொடங்கின. தவறு செய்த ஓட்டுநரும் விபத்திலேயே இறந்துபோனால், அடிபட்டவருக்கு ஒரு காசுகூடக் கிடைக்காத நிலை. ஓட்டுநருக்குக் காப்புறுதி இருக்கும்; ஆனால் ஓட்டுநர் இறந்துவிட்டதால் காப்புறுதி நிறுவனம் பணம் கட்ட வேண்டியதில்லை. இந்த அநியாயம் பொறுக்க முடியாமல் போனதும் இங்கிலாந்தில் 1934ஆம் ஆண்டு சட்டத்தை மாற்றினார்கள்.

அதே வழியில் வந்ததுதான் நம் நாட்டின் 1956ஆம் ஆண்டு சிவில் சட்டம். அதன் 8ஆவது பிரிவு சொல்வது இதுதான்: ஒருவர் இறக்கும்போது அவருக்கு எதிராக இருக்கும் வழக்குரிமைகள் அவர் விட்டுச்சென்ற சொத்துக்கு எதிராகத் தொடரும். அவருக்குச் சாதகமாக இருந்த வழக்குரிமைகளும் அவருடைய சொத்துக்குப் போய்ச் சேரும். மோதிய வேகத்திலேயே ஓட்டுநர் இறந்துவிட்டாலும் சரி. அடிபட்டவருக்குப் பாதிப்பு ஏற்பட்ட அதே நொடியில் அவர் உயிர் போயிருந்தாலும் சரி. அந்த உரிமை ஏற்கெனவே இருந்ததாகவே சட்டம் எடுத்துக்கொள்ளும்.

எவை தொடரும், எவை தொடராது?

கடன், வாடகைப் பாக்கி, ஒப்பந்த மீறல், நிலம் வீடு சம்பந்தப்பட்ட தகராறு, சாலை விபத்து, மருத்துவக் கவனக்குறைவு, பண மோசடி... இவை அனைத்தும் தொடரும்.

தொடராதவற்றையும் 8ஆவது பிரிவே சொல்லிவிடுகிறது. முதலாவது, அவதூறு வழக்கு. ஒருவர் உங்களைப் பற்றித் தவறாகப் பேசினார், எழுதினார், முகநூலில் போட்டார் என்று மான நஷ்ட வழக்குத் தொடுக்கிறீர்கள். தீர்ப்பு வருவதற்குமுன் அவர் இறந்துவிட்டால், அவர் மீதான வழக்கு அங்கேயே முடிந்துவிடும். வழக்குத் தொடுத்த நீங்கள் இறந்தாலும் அப்படித்தான். மானம் அவரவர் உயிரோடு ஒட்டியது என்பது அந்தப் பழைய எண்ணம். ஆனால் அந்தச் செய்தியை வெளியிட்ட பத்திரிகையையோ நிறுவனத்தையோ நீங்கள் சேர்த்து வழக்குப் போட்டிருந்தால், அவர்கள் மீதான வழக்கு தொடரும். எங்களைப் போன்ற ஊடகத் துறையினர் இதை நன்றாக நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பேட்டி கொடுத்தவர் காலமானார் என்பதற்காக ஒளிபரப்பியவர் தப்பிக்க முடியாது.

மற்றவை குடும்ப உறவு சம்பந்தப்பட்டவை. பெண்ணை மயக்கிக் கெடுத்தது, கணவன் மனைவியைப் பிரித்தது, கள்ள உறவு ஆகியவற்றுக்காகக் கேட்கும் நஷ்டஈடுகள். இவையும் ஆளோடு முடிந்துவிடும்.

விவாகரத்து வழக்கும் அப்படித்தான். கணவனோ மனைவியோ இறந்துவிட்டால் பிரித்துவைக்க அங்கே திருமணமே மிச்சமில்லை. முஸ்லிம் அல்லாதவர்களுக்கு நீதிமன்றம் முதலில் தருவது இடைக்கால விவாகரத்து ஆணை. வழக்கமாக 3 மாதங்கள் கழித்துத்தான் அது முழுமையாகும். அந்த இடைவெளியில் கணவர் இறந்துவிட்டால், சட்டத்தின் கண்ணில் அந்த அம்மா விதவைதான், விவாகரத்தானவர் அல்ல. உயில் இல்லாத சொத்தில் மனைவி என்ற பங்கு அவருக்கு உண்டு. ஜீவனாம்சம் வேறு கதை. எந்தச் சொத்தையும் பிணையாக வைக்காமல் மாதாமாதம் கொடுக்கச் சொன்ன ஆணை, கொடுப்பவர் இறந்ததும் நின்றுவிடும். சொத்தைப் பிணையாக வைத்துப் போட்ட ஆணை நிற்காது. ஜீவனாம்சம் கேட்கும் பெண்கள் இந்த வித்தியாசத்தைத் தங்கள் வழக்கறிஞரிடம் கண்டிப்பாகக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும்.

காலியான நாற்காலியில் யார் உட்காருவது?

சரி, வழக்கு தொடரும் என்று சட்டம் சொல்லிவிட்டது. ஆனால் பிரதிவாதியின் நாற்காலி காலியாகக் கிடக்கிறதே! கூண்டில் ஏற ஆள் இல்லை. அவருடைய வழக்கறிஞருக்கும் கட்சிக்காரர் இறந்ததும் அவர் சார்பில் பேசும் அதிகாரம் போய்விடும். யாரோடு வழக்காடுவது?

இறந்தவரின் சொத்துக்குச் சட்டப்படி பிரதிநிதி ஒருவர் வேண்டும். உயில் எழுதியிருந்தால் அதில் நியமித்திருப்பவர், நீதிமன்றத்தில் உயிலை நிரூபித்து அதிகாரம் பெறுவார். உயில் இல்லாவிட்டால் மனைவியோ பிள்ளைகளோ மனுச்செய்து நிர்வாக அதிகாரம் பெறுவார்கள். வழக்கு நடந்துகொண்டிருக்கும்போது பிரதிவாதி இறந்தால், அந்தப் பிரதிநிதியை அவருடைய இடத்தில் சேர்க்கும்படி நீதிமன்றத்தைக் கேட்க வேண்டும். வழக்கு எங்கே நின்றதோ அங்கிருந்து தொடரும். முதலிலிருந்து தொடங்க வேண்டியதில்லை.

இங்கேதான் நம் சமுதாயத்தில் ஒரு பெரிய சிக்கல் இருக்கிறது. அப்பா இறந்து பத்து ஆண்டுகள் ஆகியிருக்கும். வீடு இன்னும் அப்பா பெயரில். சில குடும்பங்களில் தாத்தா பெயரில். யாரும் நிர்வாக அதிகாரம் கேட்டு எங்கேயும் போயிருக்கமாட்டார்கள். "அண்ணன் போகட்டும்" என்று தம்பியும், "தம்பி பார்த்துக்குவான்" என்று அண்ணனும் இருப்பார்கள். நிலமும் வீடும் உள்ள, உயில் இல்லாத சிறிய சொத்துகளுக்கு நில அலுவலகம் வழியாகவே தீர்வு காணலாம். அதற்கான வரம்பு 2024 ஜூலை மாதம் 2 மில்லியன் ரிங்கிட்டிலிருந்து 5 மில்லியனாக உயர்த்தப்பட்டது. நம்மில் மிகப் பெரும்பாலோர் அந்த வரம்புக்குள் வந்துவிடுவோம். ஆனாலும் போவதில்லை.

அப்படியானால், எதிர்த்தரப்புக் குடும்பம் அதிகாரம் கேட்டுப் போகாவிட்டால், பணம் வர வேண்டியவர் காலமெல்லாம் காத்திருக்க வேண்டுமா? தேவையில்லை. 2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிமுறைகள் இதற்கு வழி வைத்திருக்கின்றன. பிரதிநிதி யாரும் இல்லாவிட்டாலும், இறந்தவரின் சொத்துக்கு எதிராகவே வழக்குத் தொடுக்கலாம். பிறகு, அந்த வழக்குக்காக மட்டும் அந்தச் சொத்தைப் பிரதிநிதிக்க ஒருவரை நியமிக்கும்படி நீதிமன்றத்தைக் கேட்கலாம். சம்மன் செல்லுபடியாகும் காலத்துக்குள் இதைச் செய்ய வேண்டும். அது வெளியிட்ட நாளிலிருந்து 6 மாதம்.

எதிராளி இறந்தது தெரியாமலே அவர் பெயரில் வழக்குப் போட்டுவிட்டாலும் பதற வேண்டாம். அதை அவருடைய சொத்துக்கு எதிராகப் போட்டதாகக் கருதித் திருத்திக்கொள்ள விதிமுறையில் இடமுண்டு. தெரிந்த பிறகும் சும்மா இருப்பதுதான் ஆபத்து. வழக்கை நகர்த்தாமல் வைத்திருந்தால், குறிப்பிட்ட நாளுக்குள் நடத்து, இல்லாவிட்டால் தள்ளுபடி என்று நீதிமன்றம் உத்தரவிட முடியும்.

காலண்டரைப் பாருங்கள்

நேயர்களே, இன்றைய பேச்சில் ஒரே ஒரு விஷயத்தை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளலாம் என்றால், இதை வைத்துக்கொள்ளுங்கள். எண்களைக் கவனியுங்கள்.

தீபகற்ப மலேசியாவில் ஒப்பந்த மீறலுக்கும், விபத்து போன்ற தீங்குகளுக்கும் வழக்குத் தொடுக்கப் பொதுவாக 6 ஆண்டு அவகாசம். எதிராளி இறந்துவிட்டார் என்பதற்காக இந்தக் கடிகாரம் நிற்பதில்லை.

அதற்குமேல், எதிராளி இறந்த பிறகு இன்னொரு கடிகாரமும் ஓடத் தொடங்கலாம். விபத்து போன்ற தீங்குக்கான வழக்கு, அவர் இறக்கும்போது ஏற்கெனவே நீதிமன்றத்தில் இருந்திருந்தால் பிரச்சினை இல்லை. இல்லையென்றால், அவருடைய சொத்துக்குப் பிரதிநிதி அதிகாரம் பெற்ற நாளிலிருந்து 6 மாதத்துக்குள் வழக்குத் தொடுத்தாக வேண்டும். ஆறு ஆண்டு அல்ல, ஆறு மாதம்! அந்தக் குடும்பம் எப்போது அதிகாரம் பெற்றது என்று உங்களுக்கு யாரும் வந்து சொல்லமாட்டார்கள். உங்கள் வழக்கறிஞர்தான் நீதிமன்றப் பதிவேட்டில் தேடிப் பார்க்க வேண்டும்.

நம் விபத்து உதாரணத்துக்கு வருவோம். அந்த இளைஞர் மருத்துவமனையில் கிடந்து, வீட்டுக்கு வந்து, நடக்கப் பழகி, "சரி, இனிமே வக்கீலைப் பார்க்கலாம்" என்று கிளம்ப ஓராண்டு ஆகிவிட்டது. அதற்குள் கார் ஓட்டுநரின் மனைவி, பிள்ளைகளின் படிப்புச் செலவுக்காக நிர்வாக அதிகாரம் பெற்று எட்டு மாதமாகிவிட்டது. யாரும் யாரையும் ஏமாற்றவில்லை. ஆனால் இளைஞரின் உரிமை சத்தமில்லாமல் கையைவிட்டுப் போயிருக்கலாம். துக்கத்துக்கு மரியாதை கொடுங்கள். அதோடு தேதியையும் குறித்துவையுங்கள்.

விபத்து வழக்கில் பணம் எங்கிருந்து வரும்?

"அந்தக் குடும்பமே கஷ்டப்படுது. அவங்க மேல எப்படி வழக்குப் போடுறது?" என்று இரக்கப்பட்டு விலகிப்போகிறவர்கள் நம்மில் நிறையப் பேர். அந்த இரக்கத்தை நான் மதிக்கிறேன். ஆனால் உண்மை நிலவரத்தைத் தெரிந்துகொண்டு இரக்கப்படுங்கள்.

1987ஆம் ஆண்டு சாலைப் போக்குவரத்துச் சட்டத்தின்படி, ஒவ்வொரு வாகனத்துக்கும் மூன்றாம் தரப்பினரின் உடல் காயத்துக்கும் உயிரிழப்புக்கும் காப்புறுதி கட்டாயம். சட்டப்படி வாகன ஓட்டியின் சொத்து மீது தீர்ப்பு வரும். பணம் கட்ட வேண்டியது பெரும்பாலும் காப்புறுதி நிறுவனம். அதற்காக வழக்கு பற்றி அந்த நிறுவனத்துக்குச் சட்டம் சொல்லும் காலத்துக்குள் அறிவிப்புக் கொடுத்திருக்க வேண்டும். அதைத் தவறவிட்டால் தீர்ப்பு கையில் இருக்கும், பணம் வராது. இறந்தவரின் மனைவி தாலியை விற்று உங்களுக்குப் பணம் தரப்போவதில்லை. அவர் கட்டிய காப்புறுதிச் சந்தா எதற்காக வாங்கப்பட்டதோ, அந்த வேலையைத்தான் காப்புறுதி நிறுவனம் செய்யப்போகிறது.

இறந்தவர் ஒரு நிறுவனத்தின் லோரியை வேலை நேரத்தில் ஓட்டியவராக இருந்தால், முதலாளியும் பொறுப்பாளிதான். ஓட்டுநர் இறந்ததால் முதலாளி மீதான வழக்குக்கு எந்தப் பாதிப்பும் இல்லை. வாகன விபத்து வழக்குகளை, தொகை எவ்வளவு பெரிதாக இருந்தாலும், செஷன்ஸ் நீதிமன்றத்திலேயே நடத்தலாம்.

ஆனால் நிரூபிக்க வேண்டியது உங்கள் பொறுப்பு. எதிர்த்தரப்புக் கதையைச் சொல்ல அவர் உயிரோடு இல்லை. ஆகவே, இறந்தவருக்கு எதிரான உரிமைக்கோரிக்கையை நீதிமன்றம் எப்போதும் கூடுதல் கவனத்தோடு பார்க்கும். "வாய்மொழியாகச் சொன்னார், கடன் வாங்கினார்" என்பதெல்லாம் தனியாக நிற்பது கடினம். போலீஸ் புகார், விபத்து இடத்தின் வரைபடம், புகைப்படம், மருத்துவ அறிக்கை, ரசீது, வங்கிக் கணக்குப் பட்டியல், வாட்ஸ்அப் செய்தி என்று கையில் இருப்பதையெல்லாம் பத்திரப்படுத்துங்கள். நண்பருக்குக் கைமாற்றாகப் பணம் கொடுப்பவர்களுக்கும் இதையேதான் சொல்வேன். எழுதி வாங்குங்கள். நட்புக்கு அது இழுக்கு அல்ல.

அந்தப் பக்கத்துக் குடும்பத்துக்கு

இப்போது மேசையின் மறுபக்கம் போவோம். இறந்தது உங்கள் அப்பா. 16ஆம் நாள் காரியம் முடிந்து பந்தல்கூடப் பிரிக்கவில்லை, வழக்கறிஞர் கடிதம் வருகிறது. உங்கள் அப்பா 80,000 ரிங்கிட் தர வேண்டும் என்கிறது.

"அப்பன் கடன் பிள்ளை தலையில்" என்பது நாம் கேட்டு வளர்ந்த பேச்சு. நம் நாட்டுச் சட்டம் அப்படிச் சொல்லவில்லை. அப்பாவின் கடன் அப்பாவின் சொத்தைத்தான் சேரும். அவர் 30,000 ரிங்கிட் விட்டுச் சென்றிருந்து, கடன் 80,000 என்றால், மீதி 50,000க்காக உங்கள் சம்பளத்தில் யாரும் கை வைக்க முடியாது. நீங்கள் அந்தக் கடனுக்கு ஜாமீன் போட்டிருந்தாலோ, கூட்டாகக் கையெழுத்திட்டிருந்தாலோ மட்டும் கதை வேறு. அது அப்பா கடன் அல்ல, உங்கள் கடன்.

ஆனால் சில விஷயங்களில் எச்சரிக்கை வேண்டும்.

முதலில், கடிதத்தைப் பார்த்துப் பயந்து எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். "நான் கட்டுகிறேன்" என்று எழுதிக் கொடுத்தால், இல்லாத பொறுப்பை நீங்களே தலையில் ஏற்றிக்கொள்கிறீர்கள். அதே சமயம், கடிதத்தைக் குப்பையிலும் போடாதீர்கள். பதில் சொல்ல ஆள் இல்லாமல் போனால், சொத்துக்கு எதிராகத் தீர்ப்பு சுலபமாக வந்துவிடும். அப்பா ஏற்கெனவே கட்டியிருக்கலாம். ரசீது அலமாரியில் இருக்கலாம். அதைத் தேடிக் கொண்டுவர நீங்கள்தான் இருக்கிறீர்கள்.

அடுத்து, அதிகாரம் பெறாமலே அப்பாவின் காரை விற்பது, வாடகையை வாங்கிக்கொள்வது, பணத்தைப் பிரித்துக்கொள்வது கூடாது. எடுத்த அளவுக்கு எடுத்தவர் பதில் சொல்ல வேண்டிவரும். அதிகாரம் பெற்ற பிரதிநிதியும், கடன் இருப்பது தெரிந்தே சொத்தை எல்லாருக்கும் பங்கு போட்டுவிட்டால், தன் கைப்பணத்திலிருந்து ஈடு செய்ய நேரும். அதனால்தான் கடன்காரர்கள் முன்வரும்படி அரசாங்கப் பதிவேட்டிலும் பத்திரிகையிலும் அறிவிப்புக் கொடுத்து, குறைந்தது 2 மாத அவகாசம் தரும் முறை இருக்கிறது. பத்திரிகையில் வரும் அந்தச் சிறு எழுத்து அறிவிப்புகளை நாம் புரட்டிவிட்டுப் போகிறோம். அவற்றின் அர்த்தம் இதுதான்.

இன்னொரு செய்தி, கொஞ்சம் ஆறுதலானது. முஸ்லிம் அல்லாதவர், ஆயுள் காப்புறுதியில் மனைவியையோ பிள்ளைகளையோ பயனாளிகளாகப் பெயர் குறிப்பிட்டிருந்தால், 2013ஆம் ஆண்டு நிதிச் சேவைகள் சட்டத்தின்படி அந்தப் பணம் அவர்களுக்கான அறக்கட்டளையாகக் கருதப்படும். அது இறந்தவரின் கடனுக்குப் போகாது. உங்கள் காப்புறுதிப் பத்திரத்தில் பெயர் எழுதும் இடம் இன்னும் காலியாக இருந்தால், இன்றிரவே எடுத்துப் பாருங்கள்.

தீர்ப்புக்கு அருகில், தீர்ப்புக்குப் பின்

சாட்சிகள் எல்லாம் பேசி முடித்து, நீதிபதி தீர்ப்பை ஒத்திவைத்திருக்கும் நேரத்தில் பிரதிவாதி இறந்தால்? தீர்ப்பு சொல்லலாம். மரணம் அதைத் தடுக்காது.

தீர்ப்பு வந்த பிறகு இறந்தால்? அப்போது அது தீர்ப்புக் கடன். அவதூறு வழக்கில் கிடைத்த தீர்ப்பாக இருந்தாலும், அது இறந்தவரின் சொத்துக்கு எதிராக நிற்கும். அந்தத் தீர்ப்பை நிறைவேற்றச் சொத்தின் மீது நடவடிக்கை எடுப்பதற்கு முன் நீதிமன்ற அனுமதி வாங்க வேண்டும். தீர்ப்பின் அடிப்படையில் நடவடிக்கை எடுக்கப் பொதுவாக 12 ஆண்டு அவகாசம் உண்டு.

சமரசம் பேசுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. இறந்தவரின் மூத்த மகன் வந்து, "மாமா, 5,000 வெள்ளி வாங்கிக்குங்க, கேஸை விட்டுடுங்க" என்று சொல்லலாம். நல்ல பையனாகவே இருக்கலாம். ஆனால் அதிகாரம் பெறாத ஒருவர் போடும் கையெழுத்து, அப்பாவின் சொத்தைக் கட்டுப்படுத்தாது. நாளைக்குத் தம்பி வந்து "எனக்குத் தெரியாது" என்பான். சமரசம் நல்லதுதான். சட்டப்படி பேச அதிகாரம் உள்ளவரோடு செய்துகொள்ளுங்கள்.

தமிழ்நாட்டில் பூர்வீக நில வழக்கு உள்ள நேயர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். அங்கே விதி வேறு. பிரதிவாதி இறந்தால், 90 நாளுக்குள் அவருடைய வாரிசுகளைச் சேர்க்க மனுச்செய்ய வேண்டும். செய்யாவிட்டால் அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போகும். அதை நீக்கக் கேட்க மேலும் 60 நாள். தாமதத்துக்கு நல்ல காரணம் காட்டி மன்னிப்புக் கேட்கவும் வழியுண்டு. ஆனால் ஊரில் சித்தப்பா இறந்த செய்தி வந்தால் அனுதாபம் சொல்வதோடு நிற்காமல், அவர் அந்த வழக்கில் ஒரு தரப்பா என்று உங்கள் வழக்கறிஞரிடம் அன்றே கேளுங்கள்.

மூன்று கேள்விகள்

பெரியோர்களே, எதிர்த்தரப்பில் ஒரு மரணம் நேர்ந்தால் உங்கள் வழக்கறிஞரிடம் மூன்று கேள்விகளை எழுதி எடுத்துக்கொண்டு போங்கள்.

ஒன்று: என் வழக்கு ஆளோடு முடியும் வகையா, தொடரும் வகையா?

இரண்டு: இறந்தவரின் சொத்துக்கு இப்போது பிரதிநிதி யார்? யாரும் இல்லையென்றால் யாரை நியமிக்கக் கேட்கலாம்?

மூன்று: எந்தத் தேதிக்குள் நாம் செயல்பட வேண்டும்?

இந்த மூன்றுக்கும் பதில் கிடைத்துவிட்டால் பாதிப் பயம் போய்விடும். வழக்கறிஞருக்குப் பணம் கொடுக்க வசதியில்லை என்று நினைப்பவர்கள் சட்ட உதவி அலுவலகத்தை அணுகிக் கேட்கலாம். 

இறந்தவரை மன்னிப்பது உங்கள் மனது. அதில் சட்டம் தலையிடாது. வழக்கைத் தொடர வேண்டும் என்ற கட்டாயமும் யாருக்கும் இல்லை. எல்லாம் தெரிந்து, "வேண்டாம், விட்டுவிடுகிறேன்" என்று நீங்கள் முடிவெடுத்தால் அது பெருந்தன்மை. தெரியாமல் காலக்கெடுவைத் தவறவிட்டு, கால் இழந்த பிள்ளையோடு வீட்டில் உட்கார்ந்திருந்தால் அதைப் பெருந்தன்மை என்று சொல்ல முடியாது. அந்தப் பிள்ளைக்கு ஒரு செயற்கைக் கால் வாங்க வேண்டிய பணம், யாரும் கேட்காததால் யாருக்கும் போகாமல் கிடக்கிறது.

கேளுங்கள். நேரத்தோடு கேளுங்கள்.